பலகைக்கு மேல் நின்ற மணல்

ஷரீஃபுதீனைப் பற்றி யாரும் எழுதப் போவதில்லை. எழுதும்படி அவன் என்ன சாதித்துவிட்டான்? மணல் லாரி ஓட்டினான். ஒரு காகிதத்தில் கையெழுத்துப் போட்டான். நாலு வருஷம் கழித்துச் செத்துப்போனான். அந்தக் காகிதத்தை டைப் அடித்துக் கொடுத்த பாவி நான் என்பதால் நானே எழுதித் தொலைக்கிறேன்.

என் பெயர் சாமிநாதன். மலாக்கா டவுனில் நிலவரி ஆபீசுக்கு எதிர்த்த அஞ்சடியில், கடைகளுக்கு முன்னால் ஆட்கள் நடக்கிற அந்தப் பாதையில், ஒரு மேசையும் ஒரு டைப்ரைட்டரும் போட்டு இருபது வருஷமாக மனு எழுதுகிறேன். எனக்குக் கோபம் மூக்குக்கு மேல் நிற்கும். என்னிடம் மனு எழுத வருகிறவர்களில் பாதிப் பேர் திட்டு வாங்காமல் போனதில்லை. ஷரீஃபுதீன் மட்டும் திட்டத் திட்டச் சிரிப்பான்.

காஜா பெராங்கில் எங்கள் இரண்டு வீட்டுக்கும் நடுவில் ஒரு சூராவ். பள்ளிவாசல் என்று சொல்லும் அளவுக்குப் பெரியதல்ல. பலகைச் சுவரும் தகரக் கூரையுமாகச் சின்னத் தொழுகை இடம். தொழுகைக்கு முன்னால் கை கால் முகம் கழுவ அங்கே ஒழுங்கான தொட்டி கிடையாது. இரண்டு பழைய மண்ணெண்ணெய் டின்களில் தண்ணீர் வைத்திருப்பார்கள். கட்டின தொட்டியாக இருந்தால் அதை ஹவுது என்பார்கள். ஹவுது கட்ட வேண்டும், கட்ட வேண்டும் என்று பத்து வருஷமாகப் பேசிக்கொண்டிருந்தார்கள். பேச்சுதான்.

ஆயிரத்துத் தொள்ளாயிரத்து ஐம்பத்தாறில் ஷரீஃபுதீனின் மகள் ஹலீமாவுக்குக் குடல் காய்ச்சல் வந்தது. ஐந்து வயசுப் பிள்ளை. இருபத்திரண்டு நாள் கண்ணைத் திறக்கவில்லை. ஆஸ்பத்திரியில் கையை விரித்துவிட்டார்கள். அவன் சூராவ் வாசலில் நின்றுகொண்டு, "ரப்பே, எம்புள்ள எந்திரிச்சு உக்காந்தா இந்த ஹவுதுக்கு வேணுங்கிற மணல் பூரா என் பொறுப்பு" என்று சத்தமாகவே நேர்ந்துகொண்டான். என் வீட்டுக்குக் கேட்டது. நாலாம் நாள் பிள்ளை எழுந்து உட்கார்ந்து கஞ்சி கேட்டது. காய்ச்சல் தானாகத் தணிகிற நாள் அது என்று நான் சொல்லலாம். சொல்ல மாட்டேன். எனக்கும் அன்றைக்குக் கண் நிறைந்துபோயிற்று.

அவனிடம் இருந்தது பட்டாளம் ஏலம் விட்ட ஒரு பழைய லாரி. செங் பக்கத்து ஆற்றங்கரையில் மணல் ஏற்றி, வேலை தருகிற சீன முதலாளி, தவுக்கே, சொல்கிற இடத்தில் கொட்ட வேண்டும். ஒவ்வொரு நடைக்கும் நிலவரி ஆபீஸ் பாஸ் உண்டு. எந்த ஊரில் ஏற்றி எந்த ஊரில் இறக்குவது, எவ்வளவு மணல், எல்லாம் அதில் இருக்கும். அளவு என்பது லாரியின் பக்கப் பலகை மட்டம். ஆனால் அள்ளுகிறவர்கள் பலகையோடு நிறுத்த மாட்டார்கள். வழியில் குலுங்கிச் சிந்தினால் ஈடு கட்டட்டும் என்று மேலே ஐந்தாறு கூடை குவித்து விடுவார்கள். சிந்தாமல் கொண்டுபோனால் அந்தக் குவியல் ஓட்டுகிறவனுக்கு. இதை எவனும் சட்டமாக எழுதி வைக்கவில்லை. மலாய்க்காரன், சீனன், தமிழன் யார் ஓட்டினாலும் இதுதான் வழக்கம். தவுக்கேக்கும் தெரியும். காப்பிக் கடையில் ஆள் பிடித்துக் குவியலை விற்றுச் சிகரெட்டுக்கு வைத்துக்கொள்கிறவர்கள் இருந்தார்கள்.

ஷரீஃபுதீன் பள்ளத்தில் லாரியை இறக்காமல், குழந்தையைத் தொட்டிலில் வைத்து ஆட்டுகிற மாதிரி ஓட்டுவான். ஒரு பிடி சிந்தாது. ஐம்பத்தேழு பிப்ரவரியிலிருந்து தினமும் டவுனுக்குப் போகிற வழியில் சூராவுக்கு முன்னால் நிறுத்தி, குவியலை மட்டும் மண்வெட்டியால் இழுத்துக் கூடையில் அள்ளிக் கொட்டுவான். அப்புறம் ஒரு நீளப் பலகையை வைத்து மணலை மட்டம் பார்ப்பான்.

"எதுக்குய்யா இந்த அளவு? ரெண்டு கூடை சேத்து அள்ளுனா எவன் கேக்கப் போறான்?" என்று ஒரு நாள் கேட்டேன்.

"பலகைக்குக் கீழ ஒரு பிடி எடுத்தாலும் அது தவுக்கே மணலுண்ணே. பலகைக்கு மேல உள்ளது என்னுது. என்னுதுலேருந்துதானே நான் குடுக்கணும்?"

பாருங்கள், இவ்வளவு கணக்குப் பார்த்துக் கொடுத்தவன்தான் மாட்டிக்கொண்டான்.

ஜூன் மாதம் ஒரு காலையில், இன்னும் நாலைந்து நடை வந்தால் ஹவுதுக்கு மணல் போதும் என்கிற சமயத்தில், ரோந்து வந்த நிலவரி ஆபீஸ் அதிகாரி ஒருவர் மோட்டார் சைக்கிளை நிறுத்தினார். மலாய்க்காரர், நல்ல மாதிரியான ஆள்தான். பாஸை வாங்கிப் பார்த்தார். இறக்க வேண்டிய இடம் பண்டார் ஹிலிர் என்று இருந்தது. சுதந்திர விழாவுக்காக அங்கே ஏதோ மேடை வேலை நடந்துகொண்டிருந்தது. மணலோ காஜா பெராங்கில் இறங்கிக்கொண்டிருக்கிறது.

"இங்கே இறக்க உனக்கு யார் பாஸ் கொடுத்தது? எத்தனை நாளாக இப்படி?" என்று மலாயில் கேட்டார்.

இன்றைக்குத்தான் துவான், தெரியாமல் செய்துவிட்டேன் என்று சொல்லியிருக்கலாம். புத்தியுள்ள எவனும் அதைத்தான் சொல்வான். அந்த மனுஷரும் அந்தப் பதிலுக்காகத்தான் காத்திருந்தார் என்று நினைக்கிறேன். நம் ஆள் நெஞ்சை நிமிர்த்திக்கொண்டு, "நாலு மாசமா துவான், தினமும். எம்மக பேருக்கு நேர்ச்சை" என்றான். அல்லாவுக்குக் கொடுத்ததைக் குறைத்துச் சொல்வதா என்று அவனுக்கு. அந்த அதிகாரி சூராவையும் மணல் மேட்டையும் மாறி மாறிப் பார்த்துவிட்டு, பெருமூச்சு விட்டு, நோட்டை எடுத்து எழுத ஆரம்பித்தார். லாரியை ஆபீஸ் வளாகத்துக்குக் கொண்டுபோய்விட்டார்கள்.

அந்த ஆபீஸ் தலைமைக் கிராணி கணேசமூர்த்தி எனக்குப் பழக்கம். யாழ்ப்பாணத்துக்காரர், கெட்டவர் என்று சொல்ல முடியாது. மறுநாளே போய்ப் பார்த்தேன்.

"இது சின்னக் குற்றம், சாமிநாதன். கோட்டுக்குப் போகத் தேவையில்லை" என்றார். "கம்பவுண்ட் போட்டிருக்கு. ஒப்புக்கொண்டு ஒரு கையெழுத்து, நூற்றைம்பது வெள்ளி. பதினாலு நாளுக்குள்ள கட்டிப்போட்டு லொறியைக் கொண்டு போகச் சொல்லுங்கோ. இல்லையெண்டா கோட்டுக்குப் போகும், லொறி பறிமுதலாகிப் போகும்."

பணத்துக்குக் கஷ்டம்தான், ஆனால் அது பெரிசில்லை. அவன் மனைவி நஜ்முன்னிசா இரண்டு வளையலைக் கழற்றிக் கொடுத்துவிட்டாள். அடகு வைத்துப் பணத்தை மடியில் கட்டிக்கொண்டு வந்து என் மேசைக்கு முன்னால் உட்கார்ந்தான். ஆபீஸில் கொடுத்த வாசகத்தை அடித்து முடித்து, வழக்கம்போலத் தமிழில் படித்துக் காட்டினேன்.

"ஷரீஃபுதீன் ஆகிய நான், எனக்கு உரிமையில்லாத அரசாங்க மணலை அனுமதியின்றிப் பல தடவை எடுத்து, காஜா பெராங்கில் இறக்கினேன் என்று மனமார ஒப்புக்கொள்கிறேன்."

அவன் மடியிலிருந்து கையை எடுத்துவிட்டான்.

"எனக்கு உரிமையில்லாததா?"

"ஆமாய்யா. அப்படித்தான் எழுதணும். எல்லாக் காகிதத்துலயும் இதே வாசகம்தான். போடு கையெழுத்த."

"உரிமையில்லாதத எடுத்தா அதுக்கு என்னண்ணே பேரு? களவுதானே? களவு மணல அல்லா வீட்டுல கொண்டாந்து கொட்டுனேன்னு நானே எழுதிக் குடுக்கவா? அப்ப எம்புள்ளைக்கு நேந்தது என்னாவுறது?"

எனக்கு வந்தது பாருங்கள் கோபம். "அடேய், உன் அல்லா இந்த ஆபீஸ் பைலையா படிச்சுட்டு இருக்காரு? இது வெறும் காகிதம்! நூறு பேரு வந்து போட்டுட்டுப் போறான். எவனாவது வாசகத்த கேட்டானா? லாரி வேணுமா வேணாமா?" என்று கத்தினேன். அஞ்சடியில் போனவர்கள் நின்று பார்த்தார்கள்.

அவன் சிரிக்கவில்லை. "நீங்க நூறு பேருக்கு எழுதுறீங்கண்ணே. நான் ஒருத்தந்தான் போடுறேன்" என்று எழுந்து போய்விட்டான்.

வீட்டில் நஜ்முன்னிசாவும் அதையே சொன்னாள். "போட்டுறாதீங்க. புள்ளைக்கு ஒண்ணு ஆச்சுன்னா தாங்க மாட்டேன்." அவன் ஹலீமாவின் தலையில் கையை வைத்து, கையெழுத்துப் போட மாட்டேன் என்று சத்தியம் செய்து கொடுத்துவிட்டான். இந்த விஷயம் எனக்குப் பிறகுதான் தெரியும்.

பதினாலு நாள் முடிய இரண்டு நாள் இருந்தபோது ஓடி வந்தான். முகத்தில் ஒரு வெளிச்சம். ஜாலான் துக்காங் எமாஸில் ஒரு காப்பிக் கடையில் பேசிக்கொண்டார்களாம்: ஆகஸ்ட் முப்பத்தொன்றாம் தேதி மெர்டேக்கா, அதாவது சுதந்திரம், வந்ததும், வெள்ளைக்காரன் காலத்துக் கேஸ் எல்லாம் தள்ளுபடியாம். பிடித்த வண்டிகளையெல்லாம் சும்மா விட்டுவிடுவார்களாம்.

"எந்த மடையன் சொன்னான்?" என்றேன்.

"எல்லாருந்தான் சொல்றாங்க. தவணை மட்டும் கேட்டு ஒரு மனு எழுதிக் குடுங்கண்ணே. அதுவரைக்கும் பொறுத்துக்கிறேன்."

நான் அன்றைக்கே முடியாது என்று சொல்லியிருக்க வேண்டும். கையைப் பிடித்து இழுத்துப்போய்க் கையெழுத்துப் போட வைத்திருந்தால் லாரியாவது மிஞ்சியிருக்கும். ஆனால் எனக்கும் அந்த வருஷம் கொஞ்சம் புத்தி பிசகியிருந்தது. ஊர் பூராவும் வளைவும் தோரணமும். ஏதோ நல்லது நடக்கப்போகிறது என்று நானும் நம்பித் தொலைத்தேன். வீட்டில் நோயாளி, கைக்குழந்தை என்று நாலு பொய் சேர்த்து உருக்கமாக ஒரு மனு எழுதினேன். செப்டம்பர் முப்பது வரை தவணை கிடைத்தது. லாரி வளாகத்திலேயே நின்றது.

மூன்று மாதம். ஆற்றுத் துறையில் மூட்டை தூக்கப் போனான். நஜ்முன்னிசா இடியாப்பம் அவித்து விற்றாள். மத்தியானம் சோற்று நேரத்தில் அவன் வளாகத்துக் கம்பி வேலிக்கு வெளியே வந்து நிற்பான். நான் என் மேசையிலிருந்து பார்ப்பேன். மழையும் வெயிலுமாக லாரி கிடந்தது. சக்கரத்துக்குள் லாலாங் புல் முளைத்து மேலே வந்துவிட்டது. உள்ளே போய் ஒரு படுதாவாவது போர்த்திவிட்டு வரட்டுமா என்று கேட்டான். விதியில் இடமில்லை என்றார்கள். வேலிக் கம்பியைப் பிடித்துக்கொண்டு கொஞ்ச நேரம் நின்றுவிட்டு மூட்டை தூக்கப் போய்விடுவான். நான் அன்று முழுக்க யார்மேலாவது எரிந்து விழுவேன்.

இதற்கிடையில் ஆகஸ்ட் முதல் வாரம் சூராவில் ஹவுது கட்டி முடித்தார்கள். அளவைக் கொஞ்சம் குறைத்துக் கட்டியதில் அவன் கொட்டிய மணலே போதுமானதாக இருந்தது. முதல் வெள்ளிக்கிழமை அவனைத்தான் முதலில் கை கால் முகம் கழுவி ஒளு எடுக்கச் சொன்னார்கள். ஹலீமாவைத் தோளில் வைத்துக்கொண்டு போய், அந்தத் தண்ணீரில் முகம் கழுவிவிட்டு வெளியே வந்தான். லாரி போன பிறகு அவன் வாய்விட்டுச் சிரித்து நான் பார்த்தது அன்றைக்குத்தான். "பாத்தீங்களாண்ணே, சொட்டு ஒழுகல!" என்றான்.

மெர்டேக்கா வந்தது. ஊரே கத்தியது. அவனும் தொண்டை கிழியக் கத்தினான். அது எதற்கு என்று எனக்குத் தெரியும். திங்கட்கிழமை காலை வெள்ளைச் சட்டை, சலவைச் சாரம், தொப்பியோடு ஆபீஸ் திறக்கும் முன்பே வந்து நின்றான். நானும் கூடப் போனேன்.

கணேசமூர்த்தி நாங்கள் சொன்னதைக் கேட்டுவிட்டுக் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார்.

"ஆர் உங்களுக்கு இதெல்லாம் சொன்னது? கொடிதான் மாறினது. கோப்பு மாறேல்லை. அரசாங்க மணல் அரசாங்க மணல்தான், தம்பி. முப்பதாம் தேதிக்குள்ள கையெழுத்துப் போடாட்டி என்னால ஒண்டும் செய்ய ஏலாது."

ஷரீஃபுதீன் தலையை ஆட்டிக்கொண்டே இருந்தான். என்ன கேட்டாலும் தலையை ஆட்டினான்.

முப்பதாம் தேதி ஆபீஸ் மூட ஒரு மணி நேரம் இருக்கும்போது தனியாக வந்தான். மூட்டை தூக்கிய சட்டையோடு, தோளெல்லாம் மாவு. "அந்தக் காகிதம் இருக்காண்ணே?" என்றான். ஜூனில் அடித்த அதே காகிதம் என் மேசை இழுப்பறையில் இருந்தது. தேதியை மட்டும் திருத்தினேன்.

"படிக்கட்டுமா?"

"வேணாம். ஒருக்கா கேட்டதே போதும்."

பேனாவை வாங்கினான். அவனுக்குத் தமிழில் கையெழுத்துப் போடத் தெரியும். ஒவ்வொரு எழுத்தாகப் போட்டான். போட்டு முடித்துப் பேனாவை மேசையில் வைத்துவிட்டு, "நஜ்முகிட்ட சொல்லிறாதீங்கண்ணே. புள்ள தலையில அடிச்சுச் சத்தியம் பண்ணியிருக்கேன்" என்றான். "மெர்டேக்காவுக்காக வுட்டுட்டாங்கன்னு சொல்லப் போறேன். நீங்களும் அப்படியே சொல்லணும்." சொன்னேன். வாயைத் திறந்து பொய் சொல்வது எனக்கு ஒன்றும் புதிதல்ல.

வளையல் பணத்தில் நூற்றைம்பது வெள்ளியைக் கட்டினான். லாரி கிடைத்தது. கிடைத்து என்ன? எஞ்சின் துருப்பிடித்து இறுகிப்போயிருந்தது. பாட்டரி செத்துவிட்டது. நாலு பேர் தள்ளியும் அசையவில்லை. மெக்கானிக் மூடியைத் திறந்து பார்த்துவிட்டுத் திரும்ப மூடிவிட்டான். நவம்பரில் ஷரீஃபுதீன் அதைப் பழைய இரும்புக்குப் போட்டான். வளையல் பணம் எஞ்சின் வேலைக்குப் போய்விட்டது என்று நஜ்முன்னிசாவிடம் சொல்லிவிட்டான். அவள் நம்பினாள். எடுத்தவன் கொடுப்பான் என்றாள். அவளுக்கு நேர்ச்சை பத்திரமாக இருந்தது, பிள்ளை பத்திரமாக இருந்தது.

கையெழுத்துப் போட்ட அன்று முதல் அவன் அந்த ஹவுதில் கை வைக்கவில்லை.

நான் கவனிக்க ஒரு மாதம் ஆயிற்று. சூராவுக்கு எதிரே சாலையோரம் ஒரு பொதுக் குழாய். வரிசையில் நின்று, குடம் வைத்திருக்கும் பெண்களுக்கெல்லாம் வழிவிட்டு, கடைசியில் அங்கே முகம் கை கால் கழுவிக்கொண்டு சூராவுக்குள் போவான். மழை கொட்டினாலும் குழாய்தான். மற்றவர்கள் கேலி செய்தார்கள். "லாரி பாய்க்கு ஹவுதுத் தண்ணி ஒத்துக்காது, சளி புடிச்சுக்கும்" என்பார்கள். அவன் முகத்தைத் துடைத்துக்கொண்டு உள்ளே போய்விடுவான்.

ஒரு நாள் பொறுக்க முடியாமல் பிடித்துக்கொண்டேன். "உனக்குப் பைத்தியமா? கிறுக்கன் மாதிரி ரோட்டுல நின்னு கழுவிக்கிட்டு! உங்க லெப்பைகிட்ட ஒரு வார்த்த கேட்டுப் பாரு. அந்தத் தண்ணி ஆகும்னுதான் சொல்லுவாரு."

"கேக்க மாட்டேண்ணே. ஆகும்னுட்டாருன்னா நான் பொய்யா எழுதிக் குடுத்துட்டேன்னு ஆவுது. ஆகாதுன்னுட்டாருன்னா ஹவுத இடிக்கணும். இடிச்சா புள்ளைக்கு நேந்தது போச்சு. எல்லாரும் கழுவட்டும். எனக்குத்தானே தெரியும், நான் மட்டும் ஒதுங்கிக்கிறேன்."

இருபது வருஷம் மனு எழுதுகிறேனே, இதற்கு ஒரு மனு எழுதி யாரிடம் கொடுப்பது? வீட்டுக்குப் போய்ச் சாப்பாட்டுத் தட்டைத் தள்ளிவிட்டேன். என் சம்சாரம் மெய்யம்மை, யாரிடம் சண்டை என்று கேட்டாள். என்னோடுதான் என்றேன்.

நாலு வருஷம் அப்படியே ஓடியது. அவன் அப்புறம் லாரி ஓட்டவில்லை. ஓட்டக் கூப்பிட்டவர்கள் இருந்தார்கள். மணல் லாரியைக் கண்டாலே முகத்தைத் திருப்பிக்கொள்வான். துறையில் மூட்டை தூக்கினான். நாற்பது வயசில் அறுபது வயசு ஆள் மாதிரி ஆகிவிட்டான். அறுபத்தொன்றில் ஒரு காலை, சர்க்கரை மூட்டையைத் தோளில் ஏற்றும்போது நெஞ்சைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்தவன் எழுந்திருக்கவில்லை.

செய்தி கேட்டு மேசையை அப்படியே போட்டுவிட்டு ஓடினேன். வீடு நிறைய ஜனம். மையத்தைக் குளிப்பாட்டுவதற்குத் திரை கட்டிக்கொண்டிருந்தார்கள். இரண்டு பேர் வாளியை எடுத்துக்கொண்டு பக்கத்துச் சூராவுக்குப் போவதைப் பார்த்தேன். அங்கேதான் கைக்கெட்டும் தூரத்தில் தண்ணீர் நிறைந்து கிடக்கிறதே. ஒருவன் வாளியை ஹவுதுக்குள் சாய்த்துவிட்டான்.

"எடுக்காதே! கைய எடுடா அதுலேருந்து!" என்று கத்திக்கொண்டு ஓடினேன்.

அத்தனை பேரும் திரும்பிப் பார்த்தார்கள். சூராவ் வாசலில் நின்றுகொண்டு என்னைப் போல ஒரு செட்டியார் இப்படிக் கத்தினால் யார்தான் பார்க்க மாட்டார்கள்? ஒருவன் முறைத்தான். நான் அவன் கையிலிருந்து வாளியைப் பிடுங்கி, தண்ணீரைத் திரும்ப ஹவுதிலேயே ஊற்றினேன். இரண்டு வாளியையும் தூக்கிக்கொண்டு சாலையைத் தாண்டிக் குழாயடிக்குப் போனேன். குழாயில் தண்ணீர் நூலாகத்தான் வந்தது. ஒரு வாளி நிறையக் கால் மணி நேரம். எனக்கு ஐம்பத்தாறு வயசு, முதுகு வலி. யாரையும் தூக்க விடவில்லை.

மூன்றாவது நடையில் நஜ்முன்னிசா வாசலுக்கு வந்து நின்றாள். அழுது அழுது முகம் வீங்கியிருந்தது. பின்னால் பத்து வயசு ஹலீமா அம்மாவின் முந்தானையைப் பிடித்துக்கொண்டு நின்றது.

"ஏண்ணே, பக்கத்துல அவரு மணல் போட்டுக் கட்டுன ஹவுது இருக்கு. அதுலேருந்து ஊத்துனா அவருக்கும் நிம்மதியா இருக்குமே?"

வாளியைக் கீழே வைத்தேன். சொல்லிவிடலாம் என்று ஒரு நிமிஷம் வாய் வரைக்கும் வந்துவிட்டது. ஹலீமா என்னையே பார்த்துக்கொண்டிருந்தது.

"குடுத்ததுலேருந்து அவரு திரும்ப எடுத்துக்க மாட்டாரும்மா" என்றேன். எப்படி வாயில் வந்தது என்று தெரியவில்லை.

அவளுடைய வீங்கிய முகத்தில் ஒரு தெளிவு வந்தது. "அதானா! நானும் நாலு வருஷமாக் கேட்டுட்டே இருந்தேன், சொல்லவே இல்ல. அல்லாவுக்குன்னு குடுத்தத ஒரு கை தண்ணியாக்கூட எடுத்துக்கக் கூடாதுன்னு இருந்திருக்காரு" என்றாள். திரும்பி மகளிடம், "கேட்டியாம்மா, அத்தா எப்பேர்ப்பட்ட மனுசர்னு?" என்று சொல்லிவிட்டு வாயைப் பொத்திக்கொண்டு அழுதாள்.

"ஆமாம்மா" என்று சொல்லிவிட்டு வாளியை உள்ளே கொண்டுபோய் வைத்தேன். இன்னும் எத்தனை வேண்டும் என்று கேட்டேன். ஆறு வாளி வேண்டும் என்றார்கள். திரும்பக் குழாயடிக்குப் போனேன்.